கோரல், இல்லஸ்ட்ரேட்டர்ல இருந்து கட்டிங் மெஷினுக்கு ப்ளக்இன் வழியா டிசைன் அனுப்புறது: முதல்ல இருந்து கடைசி வரைக்கும்

வேலூர்ல ஸ்டிக்கர் கட்டிங் வேலைதான் நமக்கு. கடைக்கு வேலை கத்துக்க வர்ற பசங்க எல்லாரும் முதல் வாரத்துல ஒரே கேள்வியைத்தான் கேப்பாங்க, "அண்ணா, ஸ்க்ரீன்ல நல்லாதானே கீது, மெஷின் மட்டும் ஏன் இப்படி வெட்டுது?"

ஸ்க்ரீன்ல நீங்க பாக்குறது கலரு, மெஷினுக்குப் போறது வெறும் கோடு. ப்ளக்இன்னா டிசைன் சாஃப்ட்வேருக்குள்ளயே சேத்து வைக்கிற சின்ன புரோகிராம், அது உங்க டிசைன்ல இருக்கிற கோட்டை மட்டும் எடுத்து, கத்தி நடக்க வேண்டிய பாதையா மாத்தி அனுப்புது, அவ்ளோதான், அது படத்தைப் பாக்குறதே இல்ல. அதனால சென்ட் பட்டனை அமுக்குறதுக்கு முன்னாடி செய்யற வேலைதான் அதிகம், அந்த வேலைக்கு ஒரு வரிசையும் இருக்கு, வரிசை மாறினா எங்க தப்புன்னு கண்டுபிடிக்கவே முடியாது. அந்த வரிசையிலேயே எழுதுறேன்.

1. ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி கையில இருக்க வேண்டியது

மெஷினோட சரியான மாடல் பேரு, உங்க டிசைன் சாஃப்ட்வேரோட சரியான வெர்ஷன், ரெண்டையும் ஒரு பேப்பர்ல எழுதிக்கோங்க. "கோரல் வெச்சிருக்கேன்"னு சொன்னா பத்தாது, எந்த வெர்ஷன்னு வேணும், ஏன்னா ப்ளக்இன் வெர்ஷனுக்கு வெர்ஷன் மாறும்.

அப்புறம் ஒரு ஸ்டீல் ஸ்கேல் (பிளாஸ்டிக் ஸ்கேல் வேணாம், அளவு நம்ப முடியாது), புது கத்தி ஒண்ணு, கழிவு ஸ்டிக்கர் துண்டு நிறைய. டெஸ்ட் பண்றதுக்கு நல்ல ரோலை வெட்டாதீங்க, ஆனா டெஸ்ட் பண்ற துண்டு நீங்க நிஜமா வெட்டப்போற அதே வகை மெட்டீரியலா இருக்கணும். சாதா வினைல்ல டெஸ்ட் பண்ணிட்டு ரேடியத்தை வெட்டினா அந்த டெஸ்ட்டுக்கு அர்த்தமே இல்ல.

2. எந்த ப்ளக்இன், எப்படி இன்ஸ்டால் பண்றது

கிராஃப்டெக் மெஷின்னா கட்டிங் மாஸ்டர், ரோலண்டுன்னா கட்ஸ்டுடியோ, மிமாகின்னா ஃபைன்கட், சில்ஹவுட்டுக்கு சில்ஹவுட் கனெக்ட். அந்தந்த கம்பெனியோட சைட்ல இருந்தே எடுங்க. ஃப்ரீயா பண்ணணும்னா இங்க்ஸ்கேப் இருக்கு, அதுல எக்ஸ்டென்ஷன்ஸ் மெனுவுல எக்ஸ்போர்ட்டுக்குள்ள போனா ப்ளாட்னு ஒண்ணு உள்ளயே வருது, எச்பிஜிஎல்ங்கற கட்டளை மொழியைப் புரிஞ்சிக்கிற மெஷினுக்கு அதுவே போதும். சைனா மெஷின் வாங்கினவங்க பாதி பேர் சைன்மாஸ்டர் மாதிரி தனி சாஃப்ட்வேர்ல ஃபைலை இம்போர்ட் பண்ணி வெட்டுறாங்க, அவங்களுக்கும் கீழ இருக்கிற மத்த ஸ்டெப் எல்லாம் அப்படியே பொருந்தும்.

இன்ஸ்டால் பண்ணும்போது கோரலோ இல்லஸ்ட்ரேட்டரோ திறந்திருக்கக் கூடாது, மூடிட்டு பண்ணுங்க. திறந்திருந்தா ப்ளக்இன் ஃபைல் உள்ள போய் உக்காரும், ஆனா மெனுவுல வராது, நீங்க திரும்பத் திரும்ப இன்ஸ்டால் பண்ணிக்கினே இருப்பீங்க. கோரலுக்கு இன்னொரு விஷயம், சில ப்ளக்இன் மேக்ரோவாத்தான் ஓடும், கோரல் இன்ஸ்டால் பண்ணும்போது விபிஏ (மேக்ரோவை ஓட்டுற பகுதி) ஆப்ஷனை எடுத்துவிட்டிருந்தா அது எழும்பவே எழும்பாது.

ஆட்டோ அப்டேட்டை நிறுத்தி வைங்க. இல்லஸ்ட்ரேட்டர் ராத்திரியில தானா புது வெர்ஷனுக்கு மாறிடும், காலையில வந்து பாத்தா ப்ளக்இன்ன காணோம். ஆயுத பூஜைக்கு ரெண்டு நாள் முன்னாடி, கடை வாசல்ல ஆட்டோ வரிசையா நிக்கும்போது எனக்கு இது நடந்திருக்கு. புது வெர்ஷனுக்கு ப்ளக்இன் வந்தாச்சான்னு பாத்துட்டு அப்புறம் அப்டேட் பண்ணுங்க.

3. கேபிளும் போர்ட்டும்

பெரிய கம்பெனி மெஷினா இருந்தா டிரைவர் போட்டதும் பிரிண்டர் மாதிரி பேரோட வந்து நிக்கும், இந்த செக்ஷனைத் தாண்டிப் போயிடலாம். சைனா மெஷின் நிறைய யுஎஸ்பி கேபிள்ல வந்தாலும் உள்ள காம் போர்ட்டாத்தான் (பழைய சீரியல் போர்ட் மாதிரி) வேலை செய்யும், அதுக்கு சிஎச்340 மாதிரி ஒரு சிப்போட டிரைவர் வேணும். டிரைவர் போட்டுட்டு டிவைஸ் மேனேஜர்ல போர்ட்ஸ்னு இருக்கிறதைத் திறந்து பாருங்க, காம்3, காம்5 இப்படி ஒரு நம்பர் வரும். அதே நம்பரை ப்ளக்இன்லயும் குடுக்கணும்.

கேபிளைப் புடுங்கி வேற ஓட்டையில சொருகினா நம்பர் மாறும். நேத்து வெட்டின மெஷின் இன்னைக்கு வெட்டலன்னு வர்ற போன்ல பாதி இதுதான். எந்த யுஎஸ்பி ஓட்டைன்னு மார்க்கர்ல ஒரு புள்ளி வெச்சிடுங்க.

பாட் ரேட் (டேட்டா போற வேகம்) மெஷின்ல என்ன இருக்கோ அதேதான் ப்ளக்இன்லயும் இருக்கணும், நிறைய மெஷின்ல 9600. ஃப்ளோ கன்ட்ரோல்னு ஒரு ஆப்ஷன் இருக்கும், யாரும் தொடமாட்டாங்க, அது தப்பா இருந்தா சின்ன டிசைன் நல்லா வெட்டும், பெரிய டிசைன் பாதி வரைக்கும் நல்லா வந்துட்டு திடீர்னு குறுக்கால ஒரு கோடு இழுத்துட்டுப் போகும். மெஷினோட மெமரி நிரம்பினதும் "கொஞ்சம் நில்லு"ன்னு கம்ப்யூட்டர்கிட்ட சொல்லும், அதைக் கேக்குறதுக்கான செட்டிங்தான் இது. கேக்கலன்னா டேட்டா வழிஞ்சு போயிடும். மெஷின் மேனுவல்ல ஹார்ட்வேரா சாஃப்ட்வேரான்னு போட்டிருப்பான், அதைப் பாத்து வைங்க.

4. டிசைனைத் தொடறதுக்கு முன்னாடி ஒரு சதுரம் வெட்டுங்க

100 மில்லிமீட்டருக்கு 100 மில்லிமீட்டர் ஒரு சதுரம் வரைங்க, ஃபில் வேணாம், மெல்லிசா ஒரே ஒரு கோடு. அதை அனுப்பி வெட்டி ஸ்டீல் ஸ்கேல்ல அளங்க, நீளம் அகலம் ரெண்டையும்.

முதல்லயே இதை ஏன் பண்ணணும்னா, கஸ்டமர் டிசைனை வெட்டிட்டு அளவு தப்பா வந்தா டிசைன் தப்பா, செட்டிங் தப்பா, மெஷின் தப்பா ஒண்ணும் தெரியாது. சதுரத்துல தப்பு வந்தா டிசைன் மேல பழி போட முடியாதில்ல.

எச்பிஜிஎல் மொழியில ஒரு இன்ச்சுக்கு 1016 படி, அதாவது ஒரு மில்லிமீட்டருக்கு 40. இங்க்ஸ்கேப் ப்ளாட் விண்டோவுல எக்ஸ், ஒய் ரெண்டுக்கும் ரெசல்யூஷன் கட்டம் இருக்கும், அங்க 1016 இருக்கணும். 100 வரைஞ்சு 98தான் வருதுன்னா மெஷின் ஒவ்வொரு படிக்கும் கொஞ்சம் கம்மியா நடக்குதுன்னு அர்த்தம், 1016ஐ 100ஆல பெருக்கி 98ஆல வகுத்தா 1037 கிட்ட வரும், அதைப் போடுங்க. பல மெஷின்ல பேனல்லயே அளவு திருத்தற ஆப்ஷன் இருக்கு, ரெண்டு இடத்துலயும் திருத்திடாதீங்க.

வித்தியாசம் ரொம்பப் பெருசா, சரியா முக்கால் அளவா வந்தா அது மெஷின் தப்பே இல்ல. இல்லஸ்ட்ரேட்டர்ல இருந்து எஸ்விஜியா சேவ் பண்ணா இன்ச்சுக்கு 72 கணக்குல போகும், இங்க்ஸ்கேப் 96 கணக்குல படிக்கும், 400 மில்லி டிசைன் 300 ஆயிடும். பிடிஎஃப்ல அனுப்புங்க, இல்லன்னா திறந்ததும் அளவைப் பாத்து மாத்திக்கோங்க.

5. கத்தி செட் பண்றது

சாதா வினைலுக்கு 45 டிகிரி கத்தி. ரேடியம், ஃப்ளாக் (வெல்வெட் மாதிரி இருக்கிற ஷீட்) மாதிரி தடியானதுக்கு 60 டிகிரி. ஹோல்டர்ல இருந்து கத்தி மூக்கு எவ்ளோ வெளிய வரணும்னு நிறைய பேர் கண்ணு அளவுல கொஞ்சம் அதிகமாவே விடுவாங்க, அது தப்பு. ஸ்டிக்கர் தோலு வெட்டி, பின் பேப்பர்ல லேசா ஒரு கீறல் மட்டும் விழற அளவு போதும். பின் பேப்பரும் வெட்டிச்சுன்னா கத்தி கீழ இருக்கிற பட்டையில உரசும், பட்டையில பள்ளம் விழும், அப்புறம் அந்த இடத்துல எதை வெட்டினாலும் பாதிதான் வெட்டும்.

அழுத்தத்தை கம்மியில இருந்து ஏத்திக்கினே வாங்க, அதிகத்துல இருந்து இறக்காதீங்க. மெஷின்லயே டெஸ்ட் கட் பட்டன் இருக்கும், அமுக்கி வெட்டி, உரிச்சுப் பாத்து, பின் பேப்பரைத் திருப்பி வெளிச்சத்துல பிடிங்க.

ஆஃப்செட் விஷயத்தை நிதானமாப் படிங்க, புதுசா வர்றவங்க அதிகமா குழம்பற இடம் இது. கத்தியோட நுனி ஹோல்டரோட நடுவுல இருக்காது, கொஞ்சம் தள்ளி இருக்கும், வண்டிக்குப் பின்னாடி இழுத்துட்டு வர்ற டிரெய்லர் மாதிரி அது பின்னாடியே திரும்பும். எவ்ளோ தள்ளி இருக்குங்கறதுதான் ஆஃப்செட், வினைல் கத்தியில வழக்கமா 0.25 மில்லிமீட்டர். சதுரத்தோட மூலை மழுங்கி வளைஞ்சு வந்தா ஆஃப்செட் பத்தல, மூலையில கொம்பு மாதிரி வெளிய நீட்டிக்கினு வந்தா அதிகமாயிடுச்சு. 0.05 அளவுல மாத்தி மாத்தி டெஸ்ட் பண்ணுங்க. இதை மெஷின் பேனல்ல குடுத்திருந்தா ப்ளக்இன்ல 0 வைங்க, ரெண்டுலயும் குடுத்தா ரெண்டு தடவை கணக்கு பண்ணி மூலைக்கு மூலை கொம்பு வரும்.

6. ஆர்ட்வொர்க்கைச் சுத்தம் பண்றது

இந்த வேலையைத் தாவிட்டுப் போறவங்கதான் அதிகம், ரோல் வீணாப் போறதும் இதனாலதான்.

முதல்ல வயர்ஃப்ரேம் வியூவுக்குப் போங்க. கோரல்ல வியூ மெனுவுல வயர்ஃப்ரேம், இல்லஸ்ட்ரேட்டர்ல கன்ட்ரோல் ஒய், இங்க்ஸ்கேப்ல வியூ மெனுவுல டிஸ்ப்ளே மோடுக்குள்ள அவுட்லைன். கலர் எல்லாம் போய் கோடு மட்டும் நிக்கும். மெஷின் பாக்குறது இதைத்தான். இனிமே சொல்றது எல்லாத்தையும் இந்த வியூவுல வெச்சே பாருங்க.

எழுத்தை கர்வ் ஆக்குங்க, அதாவது ஃபான்ட்டை விட்டுட்டு வெறும் கோடா மாத்துங்க. கோரல்ல கன்ட்ரோல் க்யூ, இல்லஸ்ட்ரேட்டர்ல கன்ட்ரோல் ஷிஃப்ட் ஓ, இங்க்ஸ்கேப்ல கன்ட்ரோல் ஷிஃப்ட் சி. கோரல்ல பழகிட்டு மத்ததுக்குப் போறவங்க கவனம், மத்த ரெண்டுலயும் கன்ட்ரோல் க்யூ அமுக்கினா சாஃப்ட்வேரையே மூடும். கர்வ் ஆக்குறதுக்கு முன்னாடி ஒரு காப்பி வேற பேர்ல சேவ் பண்ணிடுங்க, நாளைக்கு கஸ்டமர் வந்து போன் நம்பர் மாத்தணும்னு சொன்னா கர்வ் ஆன எழுத்துல ஒண்ணும் டைப் பண்ண முடியாது. டிசைனை வேற ஆளு போட்டுக் குடுத்தா கர்வ் பண்ணித்தான் குடுக்கச் சொல்லணும், பாமினியில டைப் பண்ண ஃபைலை அந்த ஃபான்ட் இல்லாத கம்ப்யூட்டர்ல திறந்தா தமிழ் எல்லாம் இங்கிலீஷ் எழுத்துக் குப்பையா நிக்கும்.

அடுத்தது வெல்ட். ஒண்ணு மேல ஒண்ணு ஏறியிருக்கிற வடிவம் எல்லாத்தையும் ஒண்ணா ஆக்கணும், கோரல்ல வெல்ட், இல்லஸ்ட்ரேட்டர்ல பாத்ஃபைண்டர் யுனைட், இங்க்ஸ்கேப்ல யூனியன். ஸ்க்ரீன்ல ரெண்டும் ஒரே கலர்ல ஒட்டி இருக்கும்போது தெரியாது, மெஷின் ஏறின இடத்துல குறுக்கால ரெண்டு கோட்டையும் வெட்டும்.

இதை நான் கத்துக்கிட்டது ஒரு பெங்காலி போர்டுல. சிஎம்சி ஆஸ்பத்திரி பக்கத்து சந்துகள்ல லாட்ஜ், மெஸ் எல்லாத்துலயும் பெங்காலியில எழுதியிருக்கும், வைத்தியத்துக்கு அந்தப் பக்கத்துல இருந்து அவ்ளோ பேர் வர்றாங்க. ஒரு மெஸ்காரரு கண்ணாடியில ஒட்ட எழுத்து கேட்டாரு, கர்வ் பண்ணி அனுப்பிட்டேன். பெங்காலியில, இந்தியிலயும் அப்படித்தான், எழுத்துக்கு மேல ஒரு கோடு ஓடும், ஒவ்வொரு எழுத்தோட மேல் கோடும் அடுத்த எழுத்து மேல கொஞ்சம் ஏறி நிக்கும். அந்த ஏறின இடம் எல்லாம் வெட்டி, மேல் கோடு மொத்தமும் துண்டு துண்டா, ஒட்டும்போது ஒண்ணு ஒண்ணா கையில வந்துச்சு, ரெண்டு அடி ஸ்டிக்கரும் ஒரு மத்தியானமும் போச்சு. தமிழ்ல இது கம்மி, ஆனா இல்லாம இல்ல. சில ஃபான்ட்ல மி, மீ மேல வர்ற வளைவு தனி வடிவமா வந்து எழுத்து மேல ஏறி உக்காரும், புள்ளி கூட சில ஸ்டைல் ஃபான்ட்ல எழுத்தைத் தொட்டுக்கினு நிக்கும்.

வெல்டுக்குப் பதிலா க்ரூப் பண்ணா ஒண்ணும் ஆகாது, கோடு எல்லாம் அப்படியே இருக்கும். கம்பைன் அதைவிட மோசம், ஏறின இடம் ஓட்டையாயிடும்.

அவுட்லைன் தடிமன் மெஷினுக்குத் தெரியாது. 5 மில்லி தடிமன்ல ஒரு கோடு போட்டிருந்தா மெஷின் அதோட நடுவுல ஒரே ஒரு வெட்டு போடும், உரிச்சா ஒண்ணும் வராது. தடிமன் வேணும்னா அதை வடிவமா மாத்தணும், கோரல்ல கன்ட்ரோல் ஷிஃப்ட் க்யூ, இல்லஸ்ட்ரேட்டர்ல அவுட்லைன் ஸ்ட்ரோக், இங்க்ஸ்கேப்ல ஸ்ட்ரோக் டு பாத். மாத்தினதும் திரும்ப வெல்ட் பண்ணுங்க, வரிசை முக்கியம், முன்னாடியே வெல்ட் பண்ணி வெச்சது இப்ப பிரயோஜனம் இல்ல.

வெள்ளை டப்பா வெச்சு மறைக்கிறது, பவர்க்ளிப், க்ளிப்பிங் மாஸ்க், இதெல்லாம் கண்ணுக்குத்தான். வயர்ஃப்ரேம்ல பாத்தா மறைச்சது எல்லாம் முழுசா தெரியும், மெஷினும் முழுசா வெட்டும். ட்ரிம் பண்ணி நிஜமாவே வெட்டி எடுங்க.

வாட்சப்ல வந்த படத்தை ட்ரேஸ் பண்ணி வெட்டுறவங்களுக்கு: வேல், முருகர், மயில் படம் எல்லாம் பெரும்பாலும் இப்படித்தான் வருது. மங்கலான படத்தை ட்ரேஸ் பண்ணா ஓரம் எல்லாம் ஆயிரக்கணக்கான நோடு (கோட்டைப் பிடிச்சு வைக்கிற புள்ளி) வரும், கத்தி ஒவ்வொரு நோடுலயும் தயங்கித் தயங்கிப் போகும், வளைவு ரம்பப் பல்லு மாதிரி வரும். நோடைக் குறைங்க, இல்லன்னா பென் டூல்ல கையாலயே வரைஞ்சிடுங்க, ஒரு வேல் வரைய பத்து நிமிஷம், ட்ரேஸ் பண்ணதைச் சுத்தம் பண்ண அரை மணி நேரம்.

கடைசியா எல்லாத்தையும் செலக்ட் பண்ணி கீழ (இல்லஸ்ட்ரேட்டர்ல டாகுமென்ட் இன்ஃபோவுல) எத்தனை ஆப்ஜெக்ட்னு பாருங்க. கண்ணுக்கு 8 எழுத்துதான் இருக்கு, ஆனா 16னு காட்டுதுன்னா ஒண்ணு மேல ஒண்ணு அச்சா ரெண்டு காப்பி இருக்குன்னு சந்தேகப்படுங்க. வயர்ஃப்ரேம்ல கூட இது தெரியாது. கத்தி அதே பாதையில ரெண்டாவது தடவை போகும்போது வெட்டின ஸ்டிக்கரை இழுத்துக்கினு போயிடும்.

7. கலர், மிரர், சுத்துக் கட்டம்

ஒரு கலருக்கு ஒரு லேயர். ப்ளக்இன்ல லேயர் வாரியா, கலர் வாரியா அனுப்ப ஆப்ஷன் இருக்கும், சிவப்பு ரோலை மாட்டிட்டு சிவப்பு மட்டும் அனுப்பலாம். ரெண்டு கலர் சேர்ற இடத்துல கீழ வர்ற கலரை மேல வர்றதுக்கு அடியில ஒரு மில்லி நீட்டி வைங்க, அச்சா ஒட்ட வெச்சா வெயில்ல ஸ்டிக்கர் சுருங்கி நடுவுல இடைவெளி தெரியும். சித்திரை வெயில்ல நம்ம ஊரு வண்டி பெட்ரோல் டேங்க் மேல கை வைக்க முடியுமா, அந்தச் சூட்டுலதான் இது ஒட்டியிருக்கணும்.

கண்ணாடிக்கு உள்பக்கம் ஒட்டுறதுன்னா மிரர், அதாவது இடது வலது திருப்பி வெட்டணும். டி-ஷர்ட்ல ஹீட் பிரஸ் பண்ற வினைலும் மிரர். டிசைன்ல ஒரு தடவை, ப்ளக்இன்ல ஒரு தடவைன்னு ரெண்டு மிரர் போட்டா நேராயிடும், எங்கயாவது ஒரு இடத்துலதான் போடணும்னு பழகிக்கோங்க.

டிசைனைச் சுத்தி ஒரு கட்டம் போட்டுடுங்க, உரிக்கும்போது மிச்ச ஸ்டிக்கர் அந்தக் கட்டத்தோட கிழியாம வரும்.

8. ரோல் மாட்டுறது

24 இன்ச் ரோல்னா 24 இன்ச்சும் வெட்ட முடியாது, ரெண்டு பக்கமும் பிஞ்ச் ரோலர் (ஸ்டிக்கரை மேல இருந்து அமுக்குற சின்ன சக்கரம்) பிடிக்கிற இடம் போகத்தான். ப்ளக்இன்ல மெட்டீரியல் அகலத்துல மெஷின் காட்டுற அளவைக் குடுங்க, ரோல் அட்டையில போட்டிருக்கிறதை இல்ல.

பிஞ்ச் ரோலர் கீழ சொரசொரப்பு பட்டை இருக்கிற இடத்துக்கு நேரா இருக்கணும். மீட்டர் கணக்குல வெட்டறதா இருந்தா வேணுங்கிற நீளத்தை முன்னாடியே ரோல்ல இருந்து உருவி தளர்வா விட்டுட்டு, வெட்டாம ஒரு தடவை முன்னாடி பின்னாடி ஓட்டிப் பாருங்க, சாயுதான்னு அப்பவே தெரிஞ்சிடும். நடுவுல ரோலை மெஷின் தானா இழுக்க விட்டா இழுவையில கோணும்.

9. இப்பதான் அனுப்புறது

ப்ளக்இன் விண்டோவைத் திறந்ததும் பிரிவியூல மூணு விஷயம் பாருங்க: அளவு நீங்க போட்டதேதானா, டிசைன் ரோலுக்குள்ள அடங்குதா, திசை சரியா. படுக்கையில வெச்சா ரெண்டு அடி போற டிசைனை 90 டிகிரி திருப்பினா ஒரு அடியில முடியும், திருப்பிப் பாக்காம அனுப்பாதீங்க.

செலக்ட் பண்ணது மட்டுமா, பக்கம் முழுசுமாங்கற ஆப்ஷனையும் பாருங்க. பக்கத்துக்கு வெளிய தூக்கிப் போட்ட பழைய டிசைன் சேந்து வெட்டினதை நிறைய தடவை பாத்திருக்கேன்.

ஓவர்கட் அரை மில்லி, ஒரு மில்லி வைங்க, ஆரம்பிச்ச புள்ளியைத் தாண்டி கத்தி கொஞ்சம் போனாத்தான் கோடு முழுசா மூடும், இல்லன்னா உரிக்கும்போது ஒவ்வொரு எழுத்தும் ஒரு முனையில தொங்கும். உள் வடிவத்தை முதல்ல வெட்டுற ஆப்ஷன் இருந்தா போடுங்க, வெளிய வெட்டினதுக்கு அப்புறம் உள்ள வெட்டினா துண்டு நகரும். சின்ன எழுத்துக்கு வேகத்தைக் குறைங்க. தமிழ் புள்ளியோட உள் ஓட்டை 3 மில்லிக்குக் கீழ போனா உரிக்கிறதுக்கே கஷ்டம், கஸ்டமர்கிட்ட பேசி எழுத்தைப் பெருசாக்குங்க.

10. பிரிண்ட் பண்ணி சுத்தி வெட்டுறதா இருந்தா

ரெஜிஸ்ட்ரேஷன் மார்க்கை (பிரிண்ட் எங்க இருக்குன்னு மெஷின் சென்சார் கண்டுபிடிக்கிற அடையாளம்) ப்ளக்இன் மூலமாத்தான் போடணும், கையால வரைஞ்சா சென்சார் நம்பாது. மார்க் போட்டதுக்கு அப்புறம் எதையும் பெருசு சின்னது பண்ணாதீங்க. பிரிண்ட் 100 சதவீதத்துலதான், ஃபிட் டு பேஜ் இருந்தா எடுங்க, 97 சதவீதத்துல பிரிண்ட் ஆனா வெட்டு சரியா உக்காராம போகலாம். படத்தை வெட்டுக் கோட்டுக்கு வெளிய 2 மில்லி நீட்டி விடுங்க. பளபள லேமினேஷன் போட்டா சென்சாருக்கு மார்க் தெரியாம போகலாம், மார்க் இருக்கிற இடத்துல மட்டும் மேட் டேப் ஒட்டுங்க.

11. லேசர்ல வெட்ட நினைக்கிறவங்களுக்கு

கோரல்ல இருந்து லேசருக்கும் இதே மாதிரி ப்ளக்இன் இருக்கு, ஆர்ட்வொர்க் சுத்தம் பண்றதும் இதேதான். ஆனா ஸ்டிக்கர் வினைலை லேசர்ல வைக்கவே கூடாது. அது பிவிசி, சூடு பட்டா ஹைட்ரஜன் குளோரைடு புகை வரும், உங்க நுரையீரலையும் கெடுக்கும், மெஷின் இரும்பையும் அரிக்கும். ஆம்பூர், ராணிப்பேட்டை பக்கம் செருப்பு வேலை பண்றவங்க ரெக்சினைக் கொண்டு வந்து "தோல் மாதிரிதானே, வெட்டிக் குடு"ன்னு கேப்பாங்க, ரெக்சினும் நிறைய பிவிசிதான். என்னன்னு உறுதியாத் தெரியாத மெட்டீரியலை திருப்பி அனுப்பிடுங்க.

12. நடுவுல தப்பாப் போனா

முதல்ல மெஷின்ல பாஸ் அமுக்குங்க, கேபிளைப் புடுங்காதீங்க. கம்ப்யூட்டர்ல வேலையைக் கேன்சல் பண்ணிட்டு, மெஷினை ஆஃப் பண்ணி ஆன் பண்ணுங்க, இல்லன்னா மெமரியில மிச்சம் இருக்கிறது அடுத்த வேலையோட சேந்து வெட்டும். கரண்ட் போனாலும் இதே நிலைமைதான், கத்தி இருந்த இடம் மெஷினுக்கு மறந்து போயிருக்கும், அதே ஸ்டிக்கர்ல தொடர முடியாது. யுபிஎஸ்ல கம்ப்யூட்டரை மட்டும் போடாம மெஷினையும் போடுங்க.

அப்புறம் 4வது ஸ்டெப்புக்குப் போய் அந்தச் சதுரத்தை வெட்டுங்க. சதுரம் சரியா வந்தா டிசைன்ல பாருங்க, சதுரமே கோணலா வந்தா கத்தி, ரோலர், போர்ட்டு. சரியா வந்த அழுத்தம், வேகம், ஆஃப்செட்டை அந்த ரோலோட உள் அட்டையிலேயே பேனாவால எழுதி வைங்க, அடுத்த தடவை அந்த ரோலை எடுக்கிற பையனுக்கு நம்பர் கையிலேயே இருக்கும்.